மலைக்கோட்டைக்கு ஒரு தார்

எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னை விட்டுவிட்டது. நான்தான் அதை விட்டேன் என்று சொல்லிக்கொண்டால் கொஞ்சம் கௌரவமாக இருப்பதால் வெளியில் அப்படித்தான் சொல்வேன். அதற்குப் பிறகு ஒரு ஊரில் முழுசாக ஆறு மாதம் நான் இருந்ததில்லை. திருப்பூரில் பனியன் மடித்தேன். திருச்சூரில் பரோட்டாக் கடையில் மாவு பிசைந்தேன். லாரியில் கிளீனராக நாசிக் வரை போய், திரும்பும்போது வெங்காய மூட்டைகளின் மேல் படுத்துத் தூங்கியிருக்கிறேன். எந்த இடத்திலும் யாரும் என்னைத் துரத்தவில்லை. சாப்பாடு சரியில்லை என்றோ முதலாளி சரியில்லை என்றோ காரணம் சொல்லவும் முடியாது. ஒரு நாள் காலையில் எழுந்ததும் உள்ளங்கால் அரிக்கும். பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவேன்.

இப்படிப்பட்டவனிடம்தான் என் தங்கச்சி ஒரு நாள் போன் செய்து, ஆறு மாதம் ஒரே இடத்தில் இருக்க முடியுமா என்று கேட்டாள்.

அம்மா போனபோது எனக்குப் பதினாறு வயது, அவளுக்கு ஒன்பது. அப்பா அதற்கு முன்னாலேயே போயிருந்தார். மருங்காபுரிப் பக்கம் சித்தி வீட்டில் அவள் வளர்ந்தாள். நான் சுற்றிக்கொண்டிருந்தேன். அவளுக்குக் கல்யாண வயது வந்தபோது சித்தியும் நானுமாகச் சேர்ந்து, ஜீயபுரத்தில் வாழை போடும் ஒரு குடும்பத்தில் கட்டிக்கொடுத்தோம். நல்ல குடும்பம். மாப்பிள்ளை அதிர்ந்து பேசமாட்டார். அடுத்த வருஷமே சித்தியும் கண்ணை மூடிவிட்டார்.

இப்போது தங்கச்சிக்கு ஏழாம் மாதம். வளைகாப்பு முடிந்ததும் தலைப்பிரசவத்துக்குப் பெண்ணைப் பிறந்த வீட்டார் அழைத்துப் போகவேண்டும். அழைத்துப் போக வீடும் இல்லை, ஆளும் இல்லை. அவள் மாமியார் நல்ல மனசோடுதான், இங்கேயே இருக்கட்டும், நான் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லியிருக்கிறார். ஆனால் அவள் ஓரகத்தி அடுப்படியில் யாரிடமோ, "அவளுக்குப் போக எடம் ஏது" என்று சொன்னது இவள் காதில் விழுந்துவிட்டது.

"எனக்கு ஒரு பொறந்த வீடு வேணும்ணே," என்றாள் போனில். "பெரிசா எல்லாம் வேணாம். ஒரு ரூம் போதும். நீ அதுல இருக்கணும், அவ்வளவுதான்."

அவ்வளவுதான் என்று எவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டாள். ரூம் பிடிப்பது எனக்குக் கஷ்டமில்லை. அதில் இருப்பதுதான்.

ஸ்ரீரங்கத்தில் ஒரு மெஸ்ஸில் பரிமாறும் வேலை கிடைத்தது. அங்கிருந்து பத்து நிமிஷ நடையில் மாடியில் ஒரு ரூமும் கிடைத்தது. கீழே வீட்டுக்கார மாமி தனியாக இருந்தார். ரயில்வேயில் கணக்குப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவர். பிள்ளை வெளிநாட்டில். பெருமாளும் மோட்டார் ஸ்விட்சும்தான் அவருடைய இரண்டு கவலைகள். முட்டை கூடாது, பூண்டு வதக்கும்போது ஜன்னலைச் சாத்தணும், டாங்க் நிரம்பி வழியக்கூடாது என்று வரிசையாகச் சொல்லிவிட்டு, எத்தனை நாள் இருப்பாய் என்று கேட்டார். ஆறு மாதம் என்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "எல்லாரும் பதினோரு மாசம்னு அக்ரிமெண்ட் போடுவா. நீ என்னடாப்பா பாதியிலயே மூச்சு வாங்கறே?" என்றார்.

வளைகாப்பு முடிந்து தங்கச்சி வந்தாள். இரண்டு கை நிறைய வளையல். அவள் மாடிப்படி ஏறும் சத்தம் தெருமுனை வரை கேட்டிருக்கும். வந்ததும் ரூமைச் சுற்றிப் பார்த்தாள். ஒரு பாய், ஒரு பக்கெட், ஒரு கேஸ் அடுப்பு, சுவரில் பழைய வாடகைக்காரர் விட்டுப்போன தேசப்படம். "பரவால்லண்ணே, ஜெயில் மாதிரி இல்ல," என்றாள். அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன்.

சாயங்காலம் மொட்டை மாடிக்குப் போனோம். தெற்கே தென்னந்தலைகளுக்கு மேல் காவிரிக்கு அந்தப் பக்கம் மலைக்கோட்டை தெரிந்தது. நான் திருச்சியில் எத்தனையோ தடவை இறங்கி ஏறியிருக்கிறேன். அந்த மலையை பஸ் ஸ்டாண்டுக்கு வழி கண்டுபிடிக்கத்தான் பயன்படுத்தியிருக்கிறேன். தங்கச்சி அதைப் பார்த்ததும் கையெடுத்துக் கும்பிட்டாள். மலையில் பாதி தூரத்தில் தாயுமானவர் இருக்கிறார், அவருக்கு நேர்ந்துகொண்டால் சுகப்பிரசவம் ஆகும், பிள்ளை பிறந்ததும் ஒரு வாழைத்தார் கொண்டுபோய் வைக்கவேண்டும் என்றாள். மாமியார் சொல்லி அனுப்பியிருக்கிறார்.

கதை எனக்கும் அரைகுறையாகத் தெரியும். ஒரு வணிகர் வீட்டுப் பெண்ணுக்குப் பிரசவ வலி வந்துவிடுகிறது. அவள் அம்மா எண்ணெயும் மருந்துமாகப் புறப்பட்டு வருகிறாள். காவிரியில் வெள்ளம். அக்கரையிலேயே நின்றுவிடுகிறாள். சிவன் அந்த அம்மா மாதிரியே வேஷம் போட்டுக்கொண்டு வந்து பிரசவம் பார்த்துவிடுகிறார். வெள்ளம் வடிந்து அசல் அம்மா வந்து சேரும்போது வீட்டில் ஏற்கெனவே ஒரு அம்மா இருக்கிறாள். அதனால்தான் தாயும் ஆனவர்.

"அவராவது சேலை கட்டிக்கிட்டு வந்தாரு," என்றாள் தங்கச்சி. "எனக்கு வந்திருக்கிற அம்மாவுக்கு ஷேவிங்கூடப் பண்ணல."

துணி எடுக்க வந்த மாமிக்கு இந்தப் பேச்சு பிடிக்கவில்லை. ஸ்ரீரங்கத்து மொட்டை மாடியில் நின்றுகொண்டு கோபுரத்துக்கு முதுகைக் காட்டி, ஆற்றுக்கு அந்தப் பக்கம் கும்பிடுவதாவது.

"ஏன்டி, தாயார் இங்கேயே இருக்கச்சே தாயுமானவர் எதுக்கு? அசல் இருக்கிற ஊர்ல நகலுக்காக யாராவது ஆத்தைத் தாண்டிப் போவாளா?"

தங்கச்சி யோசித்தாள். "தாயார் பெரிய இடம் மாமி. படி தாண்ட மாட்டாங்கன்னு சொல்லுவாங்க. பிரசவ வலின்னா வீடு தேடி வரணும்ல?"

மாமி துணியை உதறி மடித்துக்கொண்டு, பூண்டு வாசனை நேற்றும் வந்தது என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

ஏழு மாதத்துக்கு மேல் கர்ப்பிணிகள் மலைக்கோயில் ஏறக்கூடாது என்பார்கள். அதனால் அவளுக்குப் பதிலாக நான் போய்ச் சொல்லிவிட்டு வரவேண்டும் என்று ஏற்பாடு. என் மெஸ் விடுமுறை நாளில் போனேன். கடைவீதியில் வளையல் கடை, பாத்திரக் கடை எல்லாம் தாண்டி, அடிவாரத்தில் மாணிக்க விநாயகரைக் கும்பிட்டு, மலைக்குள்ளேயே வெட்டியிருக்கும் படிகளில் ஏறினேன். உள்ளே பட்டப்பகலிலும் அரை இருட்டு. கல் சில்லென்று இருக்கும். நடுவில் ஒரு இடத்தில் உட்கார்ந்து, ஒரு பொட்டலம் பொரியைத் தின்று முடித்தேன். அதுதான் தப்பாகிப் போயிற்று. தாயுமானவர் சன்னதிக்குப் போனபோது கம்பிக் கதவைப் பூட்டிக்கொண்டிருந்தார்கள். உச்சிக்கால பூஜை முடிந்துவிட்டது, இனி நாலு மணிக்குத்தான் திறப்போம் என்றார் பூட்டியவர்.

நாலு மணி நேரம். அங்கே தூணுக்குத் தூண் ஆட்கள் சாய்ந்து உட்கார்ந்திருந்தார்கள். ஒரு பெண் மடியில் பூக்கட்டிக்கொண்டிருந்தாள். ஒருவர் துண்டை விரித்துப் படுத்தே விட்டார். நானும் உட்கார்ந்து பார்த்தேன். கால் மணி நேரம் ஆகியிருக்கும். உள்ளங்கால் ஆரம்பித்துவிட்டது.

உச்சிப் பிள்ளையார் நாள் முழுக்கத் திறந்திருப்பார் என்று பொரி விற்றவர் சொல்லியிருந்தார். மேலே ஏறினேன். வெட்டவெளியில் வெயிலில் பாறை காய்ந்து கிடந்தது. தத்தித் தத்திப் போய்ப் பிள்ளையார் முன் நின்று விஷயத்தைச் சொன்னேன். உங்கப்பா கதவைச் சாத்திவிட்டார். என்னால் காத்திருக்க முடியவில்லை. தங்கச்சிக்குச் சுகப்பிரசவம் ஆனால் ஒரு தார். வீட்டுக்குள் நடக்கிற விஷயம்தானே, நீங்களே அவரிடம் சொல்லிவிடுங்கள். பிள்ளையார் ஒன்றும் சொல்லவில்லை. சம்மதம் என்று எடுத்துக்கொண்டு இறங்கினேன். இறங்கும்போது சன்னதிப் பக்கம் பார்க்காமல் வந்தேன்.

ரூமுக்கு வந்ததும் தங்கச்சி கேட்டாள், தாயுமானவரிடம் சொன்னாயா என்று. சொன்னேன் என்றேன். லிங்கம் ரொம்பப் பெரிசாமே என்றாள். பெரிசுதான் என்றேன். சன்னதி எப்படி இருந்தது என்று கேட்டதற்கு, இருட்டாக இருந்தது என்றேன். எந்தச் சன்னதியைப் பற்றியும் தைரியமாகச் சொல்லக்கூடிய பொய் அது.

அந்தப் பொய்யோடு ஒரு மாதம் ஓடியது. மார்கழி பிறந்தது. ஸ்ரீரங்கத்தில் வைகுண்ட ஏகாதசிக் கூட்டம். எங்கள் மெஸ்ஸில் இலை போட இடமில்லை. அந்தச் சமயம் பார்த்து காவிரிப் பாலத்தைப் பழுது பார்க்க அடைத்துவிட்டார்கள். திருச்சிக்குப் போகும் பஸ் எல்லாம் பைபாஸ் பாலத்து வழியாகச் சுற்றிக்கொண்டு போனது. முன்பு வெள்ளம் வந்து ஆற்றை அடைத்தது, இப்போது ஆள் வைத்து அடைக்கிறார்கள் என்று மெஸ்ஸில் சாப்பிட வந்த ஒருவர் அலுத்துக்கொண்டார்.

ஒன்பதாம் மாதப் பரிசோதனையில் தங்கச்சிக்கு பிரஷர் கொஞ்சம் ஏறியிருப்பதாக டாக்டரம்மா சொன்னார். காலும் வீங்கியிருந்தது. குறையாவிட்டால் ஆபரேஷன் செய்யவேண்டி வரலாம், எதற்கும் தயாராக இருங்கள் என்றார். நான் பயந்துபோனேன். அவள் ஆஸ்பத்திரி வாசலில் பஜ்ஜி சாப்பிடலாமா என்று கேட்டாள்.

"உனக்குப் பயமா இல்லையா?"

"எனக்கு என்னண்ணே பயம்? அதான் நீ சொல்லிட்டு வந்திருக்கியே."

அவளுக்கு இரண்டு இட்லி வாங்கிக் கொடுத்தேன். எனக்கு இறங்கவில்லை.

அன்றைக்கு மாமியிடம் மட்டும் உண்மையைச் சொன்னேன். சொல்வதற்கு வேறு ஆள் இல்லை. மாமி சிரிப்பார் அல்லது திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் கோலமாவு டப்பாவை மூடிவிட்டு நிதானமாகக் கேட்டார், யாரிடம் சொன்னாய் என்றாய், உச்சிப் பிள்ளையாரிடமா என்று. பிறகு எனக்கு ஒரு கதை சொன்னார். ராமர் பட்டாபிஷேகம் முடிந்து விபீஷணன் ரங்கநாதரைத் தூக்கிக்கொண்டு இலங்கைக்குப் போகிறான். கீழே வைக்கக்கூடாது என்று உத்தரவு. காவிரிக்கரையில் சந்தி பண்ண வேண்டியிருக்கிறது. அங்கே ஒரு பையன் நிற்கிறான். கொஞ்சம் வைத்துக்கொள் என்று கொடுத்துவிட்டுக் குளிக்கப் போகிறான். பையன் கீழே வைத்துவிட்டு ஓடிவிடுகிறான். ரங்கநாதரை அப்புறம் அசைக்க முடியவில்லை. விபீஷணன் பையனைத் துரத்திக்கொண்டு மலை உச்சி வரைக்கும் போய் ஒரு குட்டு வைக்கிறான். அந்தப் பையன்தான் உச்சிப் பிள்ளையார்.

"போயிண்டே இருந்த பெருமாளையே இந்த ஊர்ல நிறுத்தினவர் அவர். நீ போயும் போயும் அவர்கிட்டப் போய் வாயைக் குடுத்திருக்கே," என்றார் மாமி. "எதுக்கும் இன்னொரு தரம் போய், சொல்ல வேண்டியவர்கிட்டச் சொல்லிட்டு வந்துடு. அந்தப் பொண்ணு நம்பிண்டிருக்கா."

மறுநாளே போக நினைத்தேன். கூட்டத்தில் முதலாளி விடவில்லை. மூன்றாம் நாள் மத்தியானம் சாப்பாட்டுப் பந்தி கொஞ்சம் அடங்கியதும் அரை நாள் லீவு கேட்டுக்கொண்டு இரண்டரை மணிக்குக் கிளம்பினேன். அவசரத்தில் போனை மெஸ்ஸில் சார்ஜில் போட்டபடியே விட்டுவிட்டேன்.

சுற்று வழி பஸ் ஊர்ந்து ஊர்ந்து போய்ச் சேர்ந்தது. நான் சன்னதிக்குப் போகும்போது மணி மூன்றே முக்காலுக்கு மேல் இருக்கும். கம்பிக் கதவு சாத்தியிருந்தது. இந்தத் தடவை அசையவில்லை. தூணில் சாய்ந்து உட்கார்ந்து, திறந்த பிறகுதான் எழுந்தேன். தாயுமானவருக்கு முன்னால் நின்று எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னேன். போன மாதமே வந்தது, காத்திருக்க முடியாமல் மேலே போனது, மகனிடம் சொல்லி அனுப்பியது, தங்கச்சியிடம் பொய் சொன்னது. தார் ஒன்றுதான், நீங்கள் இரண்டு பேரும் பேசி முடித்துக்கொள்ளுங்கள், அவளுக்கு ஆபரேஷன் இல்லாமல் முடியட்டும் என்றேன். குருக்கள் திருநீறு கொடுத்தார். லிங்கம் உண்மையிலேயே பெரிசுதான். மனசு லேசாகி இறங்கி வந்து, வறுகடலை வாங்கிக் கொறித்துக்கொண்டே ஜன்னலோர ஸீட்டில் உட்கார்ந்து திரும்பினேன். அந்த ஒரு மணி நேரத்தை இப்போது நினைத்தாலும் எனக்குக் கூச்சமாக இருக்கும்.

மெஸ்ஸுக்குள் நுழைந்ததும் சமையல்காரர், உன் போன் பதினோரு தடவை அடித்தது என்றார். எடுத்தால் நீ கோபித்துக்கொள்வாய் என்று எடுக்கவில்லையாம்.

தங்கச்சிக்கு அன்று விடிகாலையிலேயே வலி ஆரம்பித்திருக்கிறது. வாயுப் பிடிப்பு என்று நினைத்து ஓமத் தண்ணீர் குடித்திருக்கிறாள். அதன் பிறகு பிரசவ வலிதான் என்று தெரிந்தும் என்னிடம் சொல்லவில்லை. சொன்னால் பதறிப்போய் எந்த லாரியில் ஏறுவேனோ என்று பயம் என்று பிறகு சொன்னாள். பத்து மணிக்கு மேல் மாமி மாடிக்கு வந்து பார்த்து, ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்கிறார். மாமி அன்று பெருமாளை முத்து அங்கியில் பார்க்கிற முத்தங்கி சேவைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவர். மடிசாரோடு அப்படியே ஆட்டோவில் ஏறிவிட்டார். வேலை நேரம் என்று எனக்கு மத்தியானம் வரை போன் செய்ய வேண்டாம் என்றிருக்கிறாள் தங்கச்சி. இரண்டரை மணிக்கு மேல் மாமி பொறுக்கமுடியாமல் அடிக்க ஆரம்பித்திருக்கிறார்.

நான் ஓடிப்போனபோது எல்லாம் முடிந்திருந்தது. பெண் குழந்தை. ஆபரேஷன் இல்லை. தங்கச்சி அசதியில் கண்ணை மூடிக் கிடந்தாள். மாமி ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் நெற்றியில் ஸ்ரீசூர்ணம் அழிந்து, குழந்தையை மடியில் வைத்துக்கொண்டிருந்தார். நர்ஸ் ஒருத்தி வந்து, "அம்மா, பொண்ணுக்கு கஞ்சி குடுக்கலாம்மா," என்று அவரிடம் சொல்லிவிட்டுப் போனாள்.

நான் மாமியைப் பார்த்தேன்.

"ஃபார்ம்ல கையெழுத்துப் போடச் சொன்னா. உறவுன்னு ஒரு கட்டம் இருந்தது," என்றார் மாமி. "வீட்டுக்காரின்னா எழுத முடியும்? அம்மான்னு எழுதிட்டேன்."

ஜீயபுரத்திலிருந்து சம்பந்தியம்மா வந்து சேரும்போது இருட்டிவிட்டது. சத்திரம் பஸ் ஸ்டாண்டு வரை சுலபமாக வந்தவர், அங்கிருந்து ஆற்றைத் தாண்ட ஒன்றரை மணி நேரம் ஆயிற்று என்று சொல்லிக்கொண்டே வந்தார். கையில் தூக்குவாளி, எண்ணெய் பாட்டில், பிரசவ லேகியம். உள்ளே மடிசார் கட்டிய ஒரு அம்மாள் தன் பேத்தியை வைத்துக்கொண்டு இருப்பதைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார். நீங்க யாருங்க என்று கேட்டார். மாமி, வாடகை வாங்குகிறவள் என்றார். கண்ணை மூடிப் படுத்திருந்த தங்கச்சி சிரிப்பதை நான் பார்த்தேன்.

பிறகு சம்பந்தியம்மா என் பக்கம் திரும்பினார். வலி வந்தபோது தம்பி எங்கே போயிருந்தீங்க என்று மெதுவாகத்தான் கேட்டார். ஆனால் அவர் முகத்தில் கேள்வி வேறாக இருந்தது. ஓடிப்போய்த் திரும்பி வந்தானா என்பதுதான் அது. தங்கச்சியின் சிரிப்பு நின்றுவிட்டது. இந்தப் பதிலை வைத்துத்தான் ஜீயபுரத்து அடுப்படியில் பேசுவார்கள் என்று அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். நான் வாயைத் திறப்பதற்குள் மாமி சொன்னார்.

"நான்தான் கோவிலுக்கு அனுப்பினேன்."

"எந்தக் கோயிலுக்குங்க?"

மாமி ஒரு கணம் தடுமாறினார். அறுபது வருஷமாக ஸ்ரீரங்கத்தில் இருக்கிறவர். "மலைக்கோட்டைக்கு," என்றார், கசப்பு மருந்தை விழுங்குகிற மாதிரி.

சம்பந்தியம்மாவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. தாயுமானவர்கிட்ட நேர்ல நின்னு சொன்னீங்களா தம்பி, அதான் கத்தி படாம பொறந்திருக்கு என்றார். எத்தனை மணிக்குப் பிறந்தது என்று கேட்டார். ஜாதகத்துக்காக மாமி கைக்கடிகாரத்தைப் பார்த்து ஒரு துண்டுச் சீட்டில் குறித்து வைத்திருந்தார். மூணு அம்பது.

மூணு அம்பதுக்கு நான் தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தேன். கதவு திறந்ததே நாலு மணிக்கு.

இதை மூன்று மாதம் யாரிடமும் சொல்லவில்லை. குளிப்பாட்டுவது, சாம்பிராணி போடுவது, தூளி கட்டுவது எல்லாம் மாமி சொல்லிச் சொல்லி நான் கற்றுக்கொண்டேன். பால் குடித்த பிள்ளையைத் தோளில் போட்டுத் தட்டினால் என் சட்டையில்தான் கக்கும். மெஸ்ஸில் பரிமாறும்போது முதுகில் அந்தக் கறையோடே நின்றிருக்கிறேன். சாப்பிடுகிறவர்கள் தயிர்சாதம் என்று நினைத்திருப்பார்கள்.

பங்குனியில் தங்கச்சியைத் திருப்பி அழைத்துப் போக நாள் குறித்தார்கள். அதற்கு முந்தின நாள் நேர்த்திக்கடனை முடித்துவிடலாம் என்று ஏற்பாடு. மாப்பிள்ளை தோட்டத்திலிருந்து ஒரு பூவன் தாரை வெட்டி, பழுக்கப் போட்டுக் கொண்டுவந்தார். சீப்பு சீப்பாக மஞ்சள் விழுந்து பார்க்கவே லட்சணமாக இருந்தது. காலை ஏழு மணிக்கே மலையடிவாரத்தில் இருந்தோம். கதவு விஷயத்தில் நான் துணிச்சல் காட்டுவதை விட்டுவிட்டேன். துண்டைச் சும்மாடாகச் சுருட்டித் தலையில் வைத்து, தாரை அதன் மேல் ஏற்றிக்கொண்டு நான் முன்னால் ஏறினேன். பின்னால் குழந்தையோடு தங்கச்சி, சம்பந்தியம்மா, மாப்பிள்ளை.

பாதிப் படியில் கழுத்து வலித்தது. தாரை இறக்கி வைத்துவிட்டு உட்கார்ந்தேன். தலையில் பாரம் இருக்கும்போது பொய்யையும் சேர்த்துச் சுமப்பது சிரமம். எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன், மூணு அம்பது உட்பட.

மாப்பிள்ளை மேற்கூரையைப் பார்த்தார். சம்பந்தியம்மா யோசனையில் ஆழ்ந்துவிட்டார். சொன்ன சாமிக்குத்தான் தார் போகணும் என்றார். அப்படியென்றால் உச்சிக்குப் போகவேண்டும். ஆனால் இவள் வேண்டிக்கொண்டது தாயுமானவரை. இவன் சொன்னது பிள்ளையாரிடம். பிறந்தது இவன் தாயுமானவரிடம் சொல்வதற்கு முன்னால். படியில் ஏறுகிறவர்கள் எல்லாம் எங்களையும் தாரையும் ஒதுங்கித் தாண்டிப் போனார்கள்.

தங்கச்சி என்னை முறைத்துக்கொண்டிருந்தாள். "இருட்டா இருந்துச்சுன்னியே."

"இருட்டாத்தான் இருந்துச்சு. அப்புறமா போய்ப் பார்த்தேன்."

அவள் குழந்தையைத் தோள் மாற்றிக்கொண்டாள். "தார் அப்பாவுக்கு," என்றாள். "சேதி சொன்ன பிள்ளைக்கு ஒரு சீப்பு. நீயே தூக்கிட்டுப் போ. நாங்க சன்னதியிலயே உட்கார்ந்திருக்கோம்."

அப்படியே ஆயிற்று. தாயுமானவர் முன்னால் தாரை வைத்தோம். குருக்கள் குழந்தையை வாங்கிச் சன்னதிப் படியில் ஒரு கணம் கிடத்தித் திருப்பிக் கொடுத்தார். பழங்களை அங்கேயே வந்தவர்களுக்கெல்லாம் பிய்த்துக் கொடுத்தாள் தங்கச்சி. நான் ஒரு சீப்பை மட்டும் எடுத்துக்கொண்டு உச்சிக்கு ஏறினேன். பிள்ளையார் அதே மாதிரி உட்கார்ந்திருந்தார். சேதியை உடனே சேர்த்துவிட்டீர்கள், நன்றி என்றேன். வெளியே வந்து வடக்கே பார்த்தால் காவிரி மணலாகக் கிடந்தது. அதற்கு அப்பால் கோபுரங்கள். அங்கே ஏதோ ஒரு மொட்டை மாடியில் குழந்தைத் துணிகள் காய்ந்துகொண்டிருக்கும். எந்த மாடி என்று தேடிக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன். கால் சுட்டது. அரிக்கவில்லை.

மாமிக்கும் இரண்டு பழம் கொண்டுவந்தோம். சிவன் கோவில் பிரசாதம் என்று வாங்கத் தயங்கினார். ஜீயபுரத்துத் தோட்டத்துப் பழம் மாமி என்றாள் தங்கச்சி. தோட்டத்துப் பழம்னா சரி என்று வாங்கிக்கொண்டார்.

மறுநாள் காரில் மாப்பிள்ளை வீட்டார் வந்தார்கள். ஓரகத்தியும் வந்திருந்தார். மாடி ரூமை ஒரு சுற்றுப் பார்த்தார். அது பார்த்து முடிக்க அதிக நேரம் ஆகிற ரூம் இல்லை. சாமான்களைக் கட்டும்போது குழந்தையின் பிறப்புச் சான்றிதழ் அவர் கையில் அகப்பட்டது. படித்துப் பார்த்தார். பிறந்தபோது பெற்றோர் முகவரி என்ற இடத்தில், மேல்மாடி என்று போட்டு இந்தத் தெருவும் ஸ்ரீரங்கமும் இருந்தன. மாப்பிள்ளைதான் எழுதிக் கொடுத்திருக்கிறார். தங்கச்சி எழுதச் சொல்லியிருக்கிறாள். எனக்கு அன்றுவரை தெரியாது. என் ரேஷன் கார்டுகூட இன்னும் செத்துப்போன சித்தி வீட்டு முகவரியில்தான் இருக்கிறது.

"ஏம்மா, நம்ம வீட்டு அட்ரஸ் போடலையா?" என்று கேட்டார் ஓரகத்தி.

"எங்க வீட்டு அட்ரஸ் போட்டிருக்கேங்க்கா," என்றாள் தங்கச்சி. "தலைப்பிரசவம் பொறந்த வீட்டுலதானே."

ஓரகத்தி சான்றிதழை மடித்துக் கொடுத்தார். கீழே சம்பந்தியம்மா, பிறந்த வீட்டிலிருந்து மருமகளைக் கூட்டிக்கொண்டு போகிறோம் என்று பக்கத்து வீட்டு அம்மாளிடம் தேவைக்கு அதிகமாகவே சத்தம் போட்டுச் சொல்லிக்கொண்டிருந்தார். தங்கச்சி காரில் ஏறும்போது, ஆடிக்கு வரேண்ணே என்றாள். வரட்டுமா என்று கேட்கவில்லை.

அன்றைக்கு மெஸ்ஸுக்கு அரை மணி நேரம் தாமதமாகப் போனேன். முதலாளி, ஊரை விட்டே கிளம்பிட்டியோன்னு நினைச்சேன் என்றார். எங்கே போவது, ஆடிக்குத் தங்கச்சி வருகிறாள் என்றேன். ஆடிக்கு இன்னும் நாலு மாசம் இருக்கே என்றார். ஆமாம், நாலு மாசம் இருக்கு என்று சொல்லிவிட்டு இலை போடப் போனேன்.